கண்ணை எடுத்த நேரம்

"வராதே" என்று காஸ்பார் தொலைபேசியில் சொன்னான். வேறு எதைச் சொல்லியிருந்தாலும் நான் போயிருக்க மாட்டேன். வெளியே மழை, எனக்கோ முழங்கால் வலி, அலமாரியில் படிக்காத புத்தகங்கள் வேறு. ஆனால் நாற்பது வருஷமாகப் பேசாத மனுஷன் கூப்பிட்டு, நன்றாக இருக்கிறாயா என்று ஒரு வார்த்தை கேட்டுவிட்டு, அடுத்த வார்த்தையாக வராதே என்றால் என்ன அர்த்தம்? அங்கே நான் பார்க்கக் கூடாத ஏதோ இருக்கிறது. மறுநாள் காலையில் கோட்டை மாட்டிக்கொண்டு, பாரிஸுக்கு வெளியே இருக்கும் ஜுவான்வில் போகும் ரயிலில் ஏறிவிட்டேன்.

காஸ்பார் லெ மொவான் ஒளிப்பதிவாளன். சினிமா பார்ப்பவர்களுக்கு அவன் பெயர் தெரியும். நான் ஒதில், ஒரு காலத்தில் அவனுடைய ஃபோகஸ் புல்லர். கேமராவுக்குப் பக்கத்தில் நின்று, நடிகர் நகர நகர லென்ஸ் வளையத்தைத் திருப்பி, முகம் மங்காமல் பார்த்துக்கொள்வது என் வேலை. அதற்காக லென்ஸிலிருந்து நடிகையின் கண் வரைக்கும் டேப் பிடித்து அளப்பேன். கொஞ்ச காலம் அவன் மனைவியாகவும் இருந்தேன். மற்ற பெண்களின் கண் எவ்வளவு தூரத்தில் இருக்கிறது என்று பகலெல்லாம் கட்டிய புருஷனுக்கு அளந்து சொல்கிற பிழைப்பு எந்தப் பெண்ணுக்கும் வாய்க்கக் கூடாது.

நாங்கள் சேர்ந்து வேலை செய்த கடைசிப் படம் 'உப்பு வீடு'. அதன் பழைய நெகட்டிவை எடுத்துத் தூசி தட்டி, கீறல் நீக்கி, கம்ப்யூட்டரில் ஏற்றிப் புதுசாக்கிக்கொண்டிருந்தார்கள். இலையுதிர் காலத்தில் லியோனில் காஸ்பாருக்கு ஒரு பாராட்டு விழா. அதில் இந்தப் படத்தைத் திரையிடப் போகிறார்கள். டைரக்டர் அன்செல்ம் போய்ச் சேர்ந்துவிட்டார். அதனால் உயிரோடு இருக்கும் கேமராக்காரர்கள் வந்து நிறம் சரியா என்று பார்த்துச் சொல்ல வேண்டும் என்று ஆவணக்காப்பகத்திலிருந்து எங்கள் இருவரையும் அழைத்திருந்தார்கள்.

நான் போனது நிறம் பார்க்க இல்லை. அந்தப் படத்தின் கடைசி ஷாட்டில் ஒரு வெளிச்சம் இருக்கிறது. அந்த வெளிச்சத்தால்தான் நான் காஸ்பாரை விட்டுப் போனேன். அது யாருக்காகப் போட்ட வெளிச்சம் என்று சாவதற்கு முன்னால் ஒரு தடவையாவது தெரிந்துகொள்ள வேண்டும். அவ்வளவுதான்.

நிறம் பார்க்கும் அறை இருட்டாக இருந்தது. பகல் பதினொரு மணிக்கே உள்ளே நுழைந்தவுடன் கண் தூக்கத்துக்குத் தயாராகிவிடும். சுவர் சாம்பல் நிறம், நாற்காலி சாம்பல் நிறம். எதிரே திரையில் கடல் அசையாமல் நின்றது. காஸ்பார் முன்வரிசையில் உட்கார்ந்திருந்தான். தலையில் முடி இல்லை. காது மட்டும் பெரிதாகியிருந்தது.

"வராதேன்னு சொன்னேனே" என்றான் திரும்பிப் பார்க்காமலே. என் நடை அவனுக்கு இன்னும் தெரிந்திருக்கிறது.

"அதனாலதான் வந்தேன்."

"உப்பில்லாதவளே, உனக்கு வயசே ஆகாதா?"

அவன் மேற்குக் கடலோரத்துப் பிரெத்தாஞ்காரன். உப்புப் போட்ட வெண்ணெயைத் தவிர வேறெதையும் வெண்ணெய் என்றே ஒத்துக்கொள்ள மாட்டான். பாரிஸில் பிறந்த நான் உப்பில்லாத வெண்ணெய் தின்பவள். கல்யாணமான புதிதில் வைத்த பட்டப்பெயர் அது. காதில் விழுந்ததும் எனக்குச் சிரிப்பு வரப் பார்த்தது. அடக்கிக்கொண்டேன்.

கருவிகளுக்கு முன்னால் இருந்த லுதிவீன் எழுந்து கை கொடுத்தாள். நிறம் பார்ப்பவள் அவள்தான். கட்டை குட்டையான பெண், கழுத்தில் இரண்டு மூக்குக்கண்ணாடிகள் தொங்கின. "வாங்க மதாம். முசியே உங்களுக்கு உடம்பு சரியில்லைன்னு சொன்னாரே."

"முசியே நிறைய சொல்வார்" என்றேன்.

படம் ஓடத் தொடங்கியது. பிரெத்தாஞ் கரைக்கு அப்பால் ஒரு தீவு. உப்பு வியாபாரம் செய்த ஒருவனின் பழைய வீடு. புருஷன் கடலுக்குப் போய்த் திரும்பாத ஒருத்தி அங்கே காத்திருக்கிறாள். அவளாக நடித்தது ஜிஸ்லேன். பொல்லாத அழகி. படத்தில் பேச்சு அதிகம் கிடையாது. காற்று வீசும், துணி உலரும், அவள் உருளைக்கிழங்கு உரிப்பாள். பார்த்துக்கொண்டே இருந்தால் நாமும் அந்த வீட்டில் யாருக்கோ காத்திருப்பது போல ஆகிவிடும். எனக்கு அப்படித்தான் ஆயிற்று. எது திரை, எது அந்தத் தீவு, நான் எப்போது கிழவியானேன் என்பதெல்லாம் கொஞ்ச நேரம் கலங்கிப் போய்விட்டன.

கடைசி ஷாட்டைப் பற்றிச் சொல்ல வேண்டும். காஸ்பார் என்கிற பெயரே அதன் மேல்தான் நிற்கிறது. அதற்கு முன்னால் அவன் யார்? பாட்டரிப் பெட்டி தூக்கினவன், செய்திப்படத்துக்கு ஓடினவன், சோப்பு விளம்பரம் எடுத்தவன். அந்த ஷாட் வந்தது, வாழ்க்கையே தலைகீழானது.

ஷாட் இதுதான். ஜிஸ்லேன் வீட்டுக்கு வெளியே வந்து, ஜன்னலுக்கு முதுகு காட்டி நின்று, பிறகு மெதுவாக எங்களை நோக்கி நடந்து வருகிறாள். வேளை, நாய்க்கும் ஓநாய்க்கும் நடுவிலே என்று எங்கள் நாட்டில் சொல்வோமே, அந்த வேளை. எதிரே வருவது வீட்டு நாயா, காட்டு ஓநாயா என்று தெரியாத அந்திக் கருக்கல். எங்கள் முதுகுக்குப் பின்னால் கலங்கரை விளக்கம் சுற்றிக்கொண்டிருந்தது. அவள் நடக்க நடக்கப் படம் முழுக்க ஒரு பால் வெளிச்சம் பரவி, வடிந்து, மறுபடி பரவி, மறுபடி வடிகிறது. மூன்று தடவை. வானமும் சுவரும் அவள் முகமும் மூச்சு விடுவது போல இருக்கும். 'மூச்சு விடும் வெளிச்சம்' என்று பத்திரிகைகள் பெயரே வைத்துவிட்டன.

பரிசு கிடைத்தது. ரோமிலிருந்து கூப்பிட்டார்கள், அமெரிக்காவிலிருந்து கூப்பிட்டார்கள். கூப்பிட்ட எல்லாரும் கேட்டது ஒன்றைத்தான்: அந்த மூச்சு வெளிச்சம் எங்களுக்கும் வேண்டும். அவனும் செய்து பார்த்தான். லென்ஸில் பட்டுக் காலுறை கட்டினான், புகை போட்டான், மல்துணி வழியே விளக்கடித்தான், கண்ணாடியை ஆட்டினான். ஒவ்வொரு படத்தையும் நான் காசு கொடுத்துப் போய்ப் பார்த்தேன். நன்றாகத்தான் இருக்கும். ஆனால் மூச்சு விடாது.

எப்படி விடும் என்று அப்போதெல்லாம் நினைத்துக்கொள்வேன். அது ஜிஸ்லேனுக்காகப் போட்ட வெளிச்சம். காதலிக்கிறவன் ஒரு தடவைதான் அப்படிப் போடுவான். எனக்கு அதில் சந்தேகமே இருந்ததில்லை, ஏனென்றால் சாட்சியாக நானே பக்கத்தில் நின்றேன். எங்கள் தளத்தில் ஒரு வழக்கம் உண்டு. ஒவ்வொரு டேக் முடிந்ததும் டைரக்டர் "படம் சரியா?" என்று கேட்பார். ஒளிப்பதிவாளன் "எனக்குச் சரி" என்பான். "ஃபோகஸ்?" என்பார். நானும் "எனக்குச் சரி" என்பேன். அதற்குப் பிறகுதான் அந்த ஷாட் ஷாட் ஆகும். காஸ்பார் யோசிக்கிற ஆளே இல்லை, கேட்ட வாய் மூடுவதற்குள் பதில் வந்துவிடும். அன்றைக்கு அன்செல்ம் கேட்டபோது மட்டும் அவன் வாயே திறக்கவில்லை. அலை வந்து திரும்பிப் போகிற நேரம் சும்மா நின்றான். பிறகு, ஏதோ களவு செய்தவன் குரலில், "எனக்குச் சரி" என்றான். அந்த மௌனம் எனக்குப் போதுமானதாக இருந்தது. பாரிஸ் திரும்பி, அந்த ஷாட்டைத் திரையில் பார்த்தேன். வீட்டுக்குப் போய்ப் பெட்டி கட்டினேன். பிறகு ஒரு பல் டாக்டரைக் கல்யாணம் செய்துகொண்டேன். நல்ல மனுஷன், போன வருஷம் போய்விட்டார்.

படம் கடைசி ரீலுக்கு வந்தது. காஸ்பார் நாற்காலியில் நெளிந்தான்.

"ஒதில், கீழ தெருமுனைக் கடையில வெண்ணெயும் ஹாமும் வெச்ச ரொட்டி நல்லா இருக்கும். போய்ச் சாப்பிட்டுட்டு வாயேன். இது வெறும் நிறம் பாக்கிற வேலை."

"எனக்குப் பசிக்கல."

"காபி?"

"காஸ்பார், என்னைக் கிளப்ப நினைக்காதே. நீ எதை ஒளிக்கிறேன்னு எனக்கு நாப்பது வருஷமாத் தெரியும். உன்னையெல்லாம் ஒரு கயிறு போட்டு நாற்காலியோட கட்டிட்டு உட்கார்ந்து பாக்கணும்."

லுதிவீன் சட்டென்று தலையைத் தூக்கினாள். சினிமாத் தளத்தில் கட்டுகிற சாமானுக்கு அந்தச் சொல் ஆகாது. வடம் என்போம், இழை என்போம், அதை மட்டும் வாயில் எடுக்க மாட்டோம். தவறி எடுத்தவர் எல்லாருக்கும் ஒயின் வாங்கித் தர வேண்டும்.

"மதாம், சொல்லிட்டீங்க" என்றாள். "நான் வெள்ளை ஒயின்தான் குடிப்பேன்."

"வாங்கித் தரேன். நீ படத்தைப் போடு."

போட்டாள். ஜிஸ்லேன் வெளியே வந்தாள். பால் வெளிச்சம் பரவிற்று, வடிந்தது. பழைய பொறாமை அப்படியே எழுந்தது. வெட்கங்கெட்டவள், இந்த வயசிலும்.

லுதிவீன் படத்தை நிறுத்தினாள். "முசியே, முதல்லேருந்தே உங்ககிட்ட ஒண்ணு கேக்கணும்னு இருந்தேன். இந்தப் பால் மூட்டம் லென்ஸ் வழியா வரல. வெளிச்சம் எதிர்லேருந்து வந்திருந்தா ஒரு பக்கமா விழும். இது இருட்டு மூலைலகூட ஒரே மாதிரி படிஞ்சிருக்கு. பின்பக்கமா ஃபிலிம்ல வெளிச்சம் புகுந்தாத்தான் இப்படி ஆகும்."

நானும் கேமராக்காரிதான். அவள் சொல்வது புரியாமல் இல்லை.

அந்தக் காலத்துக் கேமராவில் வியூஃபைண்டரின் ரப்பர் வளையத்தில் கண்ணை அழுத்தி வைத்துப் பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும். கண்ணை எடுத்தால் அந்தத் துளை வழியாக வெளிச்சம் பின்னோக்கி உள்ளே போய் ஃபிலிமில் படியும். முதல் நாள் வேலைக்கு வருகிறவனுக்குச் சொல்லித் தரும் முதல் பாடமே அதுதான்: கண்ணை எடுக்காதே. முதுகுக்குப் பின்னால் கலங்கரை விளக்கம் இருந்தால் கேட்கவே வேண்டாம்.

"கண்ணை எடுத்தியா?" என்றேன்.

"இன்னொண்ணும் இருக்கு" என்றாள் லுதிவீன். "பழைய பிரிண்ட்ல இந்த ஜன்னல் வெறும் கறுப்பு. நான் மூட்டத்தைக் குறைச்சுட்டு, இருட்டான இடத்தை மட்டும் கொஞ்சம் வெளிச்சமாக்கினேன். கண்ணாடியில யாரோ நிக்கறாங்க. விளக்கு சுத்தி வர நேரத்துல மட்டும் தெரியறாங்க." அவள் ஒரு உருளையைத் திருப்பினாள்.

ஜன்னல் கண்ணாடியில் நாங்கள் தெரியாமல் இருக்கக் கறுப்புத் துணி கட்டியிருந்தோம். காற்று அதைத் தூக்கியிருக்கிறது. இருட்டிலிருந்து மெல்ல, தண்ணீருக்கு அடியிலிருந்து மேலே வருவது போல, மூன்று காலில் நிற்கும் கேமரா வந்தது. அதன் பக்கத்தில் கம்பளித் தொப்பி போட்ட ஒரு பெண், கை லென்ஸ் வளையத்தில். வாய் லேசாகத் திறந்திருந்தது. அது நான். எவ்வளவு ஒல்லியாக இருந்திருக்கிறேன். அந்தப் பெண் ஜிஸ்லேனை மட்டும் பார்த்துக்கொண்டிருந்தாள், வேலையே கண்ணாக.

கேமராவுக்குப் பின்னால் காஸ்பார். அவன் கண் வியூஃபைண்டரில் இல்லை. தலையைத் திருப்பியிருந்தான். ஜிஸ்லேன் இருந்த பக்கம் அல்ல. அவன் பார்த்துக்கொண்டிருந்தது அந்தத் தொப்பிக்காரியை. விளக்கு போனது, அவன் மறைந்தான். மறுபடி வந்தது, இன்னும் பார்த்துக்கொண்டிருந்தான். மூன்றாவது தடவையும் அப்படியே.

லுதிவீன் தன் கண்ணாடிகளில் ஒன்றைத் துடைக்கத் தொடங்கினாள்.

"நீ தூரத்தை முணுமுணுத்துக்கிட்டிருந்தே" என்றான் காஸ்பார், திரையைப் பார்த்தபடி. "மூணு, ரெண்டே முக்கால், ரெண்டரைன்னு. அவ நடக்க நடக்க. எப்பவும் செய்வே. குளிர்ல உன் உதடு நீலமாயிடுச்சு, ஆனாலும் சொல்லிக்கிட்டே இருந்தே. பாக்கணும்னு தோணிச்சு. பாத்தேன். கண்ணை எடுத்துட்டோம்னே எனக்கு உறைக்கல. உறைச்சப்போ ஷாட் முடிஞ்சிருந்தது."

"அன்செல்ம் கேட்டப்போ..."

"அதான் யோசிச்சேன். சரியில்லைன்னு சொல்லணும். சொன்னா ஏன்னு கேப்பார். பொழுதும் போயிடுச்சு, மறுநாள் தீவை விட்டுப் படகேறணும். ஷாட் நடக்கறப்போ பொண்டாட்டியைப் பாத்துக்கிட்டு நின்னவன்னு ஊரே சிரிக்கும், அப்புறம் எவன் கேமராவைக் குடுப்பான்? சரின்னுட்டேன். கழுவி வந்த ஃபிலிமைப் போட்டுப் பாத்தா எல்லாரும் அழறாங்க. எப்படிய்யா செஞ்சேன்னு கட்டிப் பிடிக்கறாங்க. அதுக்கப்புறம் எங்க சொல்றது."

"எனக்குச் சொல்லியிருக்கலாமே, பாவி."

"சொன்னா வேலை போயிடும்னு பயந்தேன். சொல்லாததால நீ போயிட்டே."

எனக்குக் கோபம் வந்தது. அவன் மேல் வந்தது, அந்தத் தொப்பிக்காரி மேல் வந்தது. ஒரே ஒரு தடவை தலையைத் திருப்பியிருக்கக் கூடாதா அந்தக் கழுதை? திருப்பியிருந்தால் ஜிஸ்லேன் மங்கிப் போயிருப்பாள், ஷாட் கெட்டிருக்கும், இவன் சோப்பு விளம்பரம் எடுத்துக்கொண்டு இருந்திருப்பான். நாங்கள் ஒரு சின்ன வீட்டில் இரண்டு வகை வெண்ணெய் வாங்கி வைத்துக்கொண்டு சண்டை போட்டிருப்போம். அழுதேன். மறைக்கவில்லை, இருட்டுதானே.

கொஞ்சம் பொறுத்து லுதிவீன் தொண்டையைச் செருமினாள். "மன்னிக்கணும். இதை என்ன பண்றதுன்னு இன்னிக்கு நான் சொல்லியாகணும். லியோனுக்கு அனுப்பணும். கண்ணாடியில இருக்கிறவங்களை என்னால துடைக்க முடியும். மூட்டத்தைத் தொட மாட்டேன், அது அப்படியே இருக்கும்."

"துடைக்க வேண்டாம்" என்றான் காஸ்பார். "படத்தைப் புதுசாக்கறப்போ குட்டு வெளிப்பட்டா இவ பாத்துறக் கூடாதுன்னுதான் பயந்தேன். பாத்துட்டா. இனிமே எவன் பாத்தா என்ன? லியோன்ல மேடையேறி நானே சொல்றேன். நீங்க கொண்டாடின வெளிச்சம் ஒரு முட்டாள் கண்ணை எடுத்ததால வந்ததுன்னு."

சொல்லிவிட்டு அவன் நிமிர்ந்து உட்கார்ந்தான். சுமையை இறக்கி வைத்தவன் முகம். அவனுக்கு அது நிம்மதியாகத்தான் இருந்திருக்கும். ஆனால் முதல்முறையாக எனக்கென்று ஏதோ கையில் வந்திருந்தது, அதை நான் விடுவதாக இல்லை.

"துடைச்சிடு, லுதிவீன்" என்றேன்.

"ஒதில்..."

"நீ பேசாதே. நாப்பது வருஷம் பேசாம இருந்தே இல்ல, இன்னும் கொஞ்ச நேரம் இரு. அது ஜிஸ்லேனோட ஷாட். பாவம், அந்தக் குளிர்ல வெறுங்காலோட நடந்தா. ஜனங்க அவளைப் பாக்கட்டும். ஜன்னல்ல என்னைத் தேட வேண்டாம். அந்தப் பார்வை என் பேருக்கு வந்த தபால், லேட்டா வந்தாலும் எனக்கு வந்தது. ஊரு அதைப் பிரிச்சுப் படிக்க வேண்டாம்."

"நிச்சயமா, மதாம்?" என்றாள் லுதிவீன். "லியோன்ல காட்டப் போறது இதைத்தான். இனிமே எல்லாரும் பாக்கப் போறதும் இதைத்தான்."

"அதுக்கு முன்னாடி இன்னொரு தடவை போடு."

போட்டாள். விளக்கு சுற்றி வந்தது. ஒரு காஸ்பார், இருட்டு. இன்னொரு காஸ்பார், இருட்டு. மூன்றாவது முறை அவன் முகத்தை நன்றாகப் பார்த்து வைத்துக்கொண்டேன். பிறகு அவள் வேலை செய்தாள். எங்களை எச்சில் தட்டைத் துடைப்பது போலத் துடைத்துவிட்டாள். நான் போய்க் காஸ்பாருக்குப் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்தேன், முழங்கால் வலிக்கிறது என்று சொல்லிக்கொண்டு.

கடைசியாக ஒரு தடவை முழு ஷாட்டையும் ஓட்டினாள். ஜிஸ்லேன் வந்தாள். ஜன்னல் பழையபடி கறுப்பு. பால் வெளிச்சம் பரவி, அறையின் சாம்பல் சுவர்களையெல்லாம் வெளுக்க வைத்தது, வடிந்தது. நான் வாய்க்குள் என்னை அறியாமல் சொல்லத் தொடங்கியிருந்தேன். மூணு, ரெண்டே முக்கால், ரெண்டரை.

லுதிவீன் நல்ல பெண். வழக்கம் தெரிந்தவள். படம் நின்றதும் திரும்பாமலே கேட்டாள்.

"படம் சரியா, முசியே?"

பதில் வரவில்லை. அலை வந்து திரும்பிப் போகிற நேரம் ஆயிற்று. என்ன ஆயிற்று என்று தலையைத் திருப்பினேன். காஸ்பார் திரையைப் பார்க்கவே இல்லை. எவ்வளவு நேரமாகப் பார்க்கவில்லையோ. விளக்கு போய்ப் போய் வந்தபோதெல்லாம் இருந்த அதே முகம், முடி மட்டும் இல்லை. இந்தத் தடவை நானும் அவனைப் பார்த்தேன், கண்ணை எடுக்கவில்லை.

"எனக்குச் சரி" என்றான் அவன்.

"ஃபோகஸ்?" என்றாள் லுதிவீன்.

என் கண்ணில் தண்ணீர் நிறைந்திருந்தது. எதுவுமே தெளிவாகத் தெரியவில்லை.

"எனக்குச் சரி" என்றேன்.